காய்ச்சலில் இறந்தவர் ‘பிரான்சுக்காக உயிர்நீத்தவர்’ ஆனது எப்படி? அப்போலினேரின் வாழ்வும் 94 ஆண்டுக் கணக்கும்

பிரெஞ்சுக் கவிஞர் கியோம் அப்போலினேர் 1918 நவம்பர் 9ஆம் தேதி பாரிஸில் தம் வீட்டில் ‘ஸ்பானிஷ் ஃப்ளூ’ கண்டு இறந்தார். முதல் உலகப் போர் ஓய இன்னும் இரண்டே நாள் இருந்தது. அவருக்கு வயது 38. போர்க்களத்தில் அல்லாமல் கட்டிலில் நேர்ந்த இந்த இறப்பைப் பிரெஞ்சு அரசு ‘பிரான்சுக்காக உயிர்நீத்தவர்’ என்ற பிரிவில் பதிந்தது. அந்த ஒரு பதிவின் விளைவாக, அவர் வாழ்நாளில் அச்சான கவிதைகள்கூடப் பிரான்சில் 2013 செப்டம்பர் இறுதிவரை பதிப்புரிமைக்குள் இருந்தன.

ஒவ்வோர் ஜனவரியிலும் எந்தெந்த எழுத்தாளர்களின் நூல்கள் பதிப்புரிமையிலிருந்து விடுபட்டன என்ற பட்டியல்கள் வெளியாகின்றன. அவற்றில் சில பிரெஞ்சுப் பெயர்கள் மட்டும் வாசகரைக் குழப்பும். ஒரே நூலை இந்தியாவில் எவரும் அச்சிடலாம், அதே நூலைப் பிரான்சில் அனுமதியின்றி அச்சிடக் கூடாது என்ற நிலை எப்படி வருகிறது என்ற கேள்வி எழும். இதை அப்போலினேரின் வழியாகப் புரிந்துகொள்வது எளிது. அவர் வாழ்க்கை, கவிதை, போர், சட்டம் ஆகிய நான்கும் ஒன்றோடொன்று பின்னிக் கிடப்பதால், முதலிரண்டையும் அறியாமல் கடைசி இரண்டையும் விளங்கிக்கொள்ள முடியாது.

பிறப்பால் பிரெஞ்சுக்காரர் அல்லாதவர்

அப்போலினேர் 1880 ஆகஸ்ட் 26 அன்று ரோம் நகரில் பிறந்தார். தாய் ஆஞ்செலிகா கோஸ்த்ரோவிட்ஸ்கா, ரஷ்யப் பேரரசின் ஆட்சிக்கு உட்பட்டிருந்த போலந்துப் பிரபு குலத்தவர். தந்தை இன்னார் என்பது எந்த ஆவணத்திலும் உறுதிப்படவில்லை. தாயின் குடும்பப் பெயரையே மகனும் சுமந்தார். அப்போலினேர் என்பது அவருடைய இயற்பெயர்களுள் ஒன்றைத் திரித்து அவரே சூடிக்கொண்ட புனைபெயர். மொனாக்கோவிலும் கான், நீஸ் நகரங்களிலும் படித்து, இருபது வயதையொட்டிப் பாரிஸுக்கு வந்தார். பிரெஞ்சைத் தாய்மொழி போல எழுதினாலும், வாழ்நாளின் பெரும்பகுதி சட்டத்தின் கண்ணில் அவர் ரஷ்யக் குடிமகனாகவே இருந்தார்.

இதன் பொருள் என்னவென்பது 1911இல் அவருக்குக் கடுமையாக உணர்த்தப்பட்டது. அந்த ஆண்டு ஆகஸ்ட் 21 அன்று லூவ்ர் அருங்காட்சியகத்திலிருந்து மோனலிசா ஓவியம் களவு போயிற்று. அப்போலினேரோடு பழகியிருந்த ழேரி பியேரே என்பவர் அதற்கு முன்பே அதே அருங்காட்சியகத்திலிருந்து சிறு ஐபீரியச் சிற்பங்களைத் திருடியிருந்தார்; அவற்றில் இரண்டு ஓவியர் பிக்காசோவின் கைக்குப் போயிருந்தன. இந்தத் தொடர்பு வெளிப்பட்டதும், செப்டம்பர் 7 அன்று அப்போலினேர் கைதாகி லா சான்தே சிறையில் அடைக்கப்பட்டார். 12ஆம் தேதி விடுவிக்கப்பட்டார். பின்னர் வழக்கும் கைவிடப்பட்டது. மோனலிசாவைத் திருடியவர் இத்தாலியத் தொழிலாளி வின்சென்சோ பெருஜ்ஜா என்பது 1913 டிசம்பரில்தான் தெரிந்தது. ஆனால் அந்தச் சில நாட்களில் செய்தித்தாள்கள் சில அவரை ‘அந்நியர்’ என்று சாடின. நாடு கடத்தப்படுவோமோ என்ற அச்சம் அவரை நெடுநாள் விடவில்லை. பின்னாளில் அவர் போருக்குப் போன முனைப்பை விளக்க இந்த அச்சம் ஒன்றே போதும் என்று நான் சொல்லமாட்டேன். அதை ஒதுக்கிவிட்டும் விளக்க முடியாது.

கவிதையில் அவர் மாற்றியவை

அப்போலினேரின் முதல் பெரும் தொகுப்பான ‘அல்கோல்’ 1913 ஏப்ரலில் வெளிவந்தது. 1898 முதல் எழுதியவை அதில் உள்ளன. ஜெர்மனியின் ரைன் கரையில் வீட்டு ஆசிரியராக இருந்தபோது ஆனி பிளேடன் என்ற ஆங்கிலேயப் பெண்மீது கொண்டு கைகூடாமற்போன காதலும், ஓவியர் மாரி லோரான்சானோடு சில ஆண்டுகள் நீடித்து முறிந்த உறவும், சிறை நாட்களும் அதில் கவிதைகளாயின. நூலின் முதற்கவிதையான ‘ஸோன்’, இந்தப் பழைய உலகத்தின்மேல் சலிப்புற்றுவிட்டாய் என்று தன்னையே பார்த்துச் சொல்லித் தொடங்குகிறது. அடுத்து ஐஃபெல் கோபுரத்தை இடைச்சியாகவும், பாரிஸின் பாலங்களைக் கத்தும் ஆட்டு மந்தையாகவும் காட்டுகிறது. விளம்பரச் சுவரொட்டி, விமான நிலையம், தட்டச்சுப் பெண்கள், பிழைப்புத் தேடிக் குடிபெயர்வோர் என அன்றைய நகரம் முழுதும் ஒரே மூச்சில் அதற்குள் வந்துவிடுகிறது.

பொருளைக் காட்டிலும் அன்று அதிர்ச்சியூட்டியது வடிவம். நூல் அச்சுப்படி திருத்தும் நிலையில் இருந்தபோது, அப்போலினேர் அதிலிருந்த நிறுத்தக்குறிகள் அனைத்தையும் நீக்கினார். தாளமும் அடி முறியும் இடமுமே கவிதைக்கு உண்மையான நிறுத்தக்குறிகள், வேறெதுவும் வேண்டியதில்லை என்பது அவர் சொன்ன காரணம். இது வெறும் புதுமை நாட்டம் அன்று என்பதற்கு ‘மிராபோ பாலம்’ கவிதையே சான்று.

1912இல் இதழில் வந்தபோது அக்கவிதை நிறுத்தக்குறிகளோடும், மும்மூன்று அடிகள் கொண்ட பத்திகளாகவும் இருந்தது. நூலில் அவர் இரண்டாம் அடியை இரண்டாக முறித்தார், குறிகளையும் எடுத்தார். முதல் அடி, மிராபோ பாலத்தின் கீழ் சேன் நதி ஓடுகிறது என்பது. அடுத்து ‘நம் காதல்களும்’ என்ற தொடர் தனியடியாக நிற்கிறது. அதற்கடுத்த அடி, அதை நான் நினைவுகூரத்தான் வேண்டுமா என்று கேட்கிறது. நடுவில் நிற்கும் தொடர் மேலடியோடு சேர்ந்தால், நதியோடு காதலும் ஓடுகிறது. கீழடியோடு சேர்ந்தால், நினைவுகூர வேண்டியது அந்தக் காதலையே. ஒரு கால்புள்ளி இருந்திருந்தால் இரண்டில் ஒன்று செத்திருக்கும். நிறுத்தக்குறியை நீக்கியதால் இரண்டு பொருளும் ஒரே நேரத்தில் நீர்போல் ஓடுகின்றன.

இரண்டாவது மாற்றம், 1918இல் வெளியான ‘கலிகிராம்’ நூலில் உள்ளது. அழகிய எழுத்து என்ற பொருளுடைய சொல்லையும் ‘இடியோகிராம்’, அதாவது கருத்தெழுத்து, என்ற சொல்லையும் இணைத்து அவர் அமைத்த பெயர் இது. கடிகாரம், கழுத்துப்பட்டை, நீரூற்று, குத்துண்ட புறா என்று கவிதையின் சொற்களே உருவம் கொள்கின்றன. ‘மழை பெய்கிறது’ என்ற கவிதையில் எழுத்துகள் ஒன்றன்கீழ் ஒன்றாக ஐந்து சாய்ந்த கோடுகளில் இறங்குகின்றன.

தமிழ் வாசகருக்கு இங்கே சித்திரக்கவி நினைவுக்கு வருவது இயல்பு. ஆனால் இரண்டும் ஒன்றல்ல. தேர் வடிவான ரதபந்தத்திலும் பாம்பு வடிவான நாகபந்தத்திலும் யாப்பில் முழுமை பெற்ற செய்யுள் முதலில் இருக்கிறது. அதன் எழுத்துகள் வரைந்த கட்டங்களுக்குள் பொருந்தி, ஓரெழுத்தே இருமுறை படிக்கப்படுவதில் புலவரின் திறம் வெளிப்படுகிறது. கலிகிராமில் யாப்பு இல்லை, வரைகோடுதான் அடி. படத்தை அழித்துவிட்டு வரிகளை நேராக எழுதினால் சித்திரக்கவி செய்யுளாக மிஞ்சும். கலிகிராமுக்கு அந்தப் பாதுகாப்பு கிடையாது.

மூன்றாவதாக, ‘சர்ரியலிசம்’, அதாவது மிகையதார்த்தம், என்ற சொல் அவருடையது. 1917இல் ‘பராத்’ என்ற பாலே நிகழ்ச்சிக்கு எழுதிய குறிப்பில் அதைப் பயன்படுத்தினார். அதே ஆண்டு மேடையேறிய தம் நாடகத்துக்கு அதையே அடைமொழி ஆக்கினார். மனிதன் நடையைப் போலச் செய்ய விரும்பியபோது காலைப் போன்ற ஒன்றைச் செய்யவில்லை, சக்கரத்தைச் செய்தான் என்று நாடகத்தின் முன்னுரையில் அச்சொல்லுக்கு அவர் தந்த விளக்கம், கலைபற்றிய எத்தனையோ நீண்ட ஆய்வுகளைவிடத் தெளிவானது. பிரெஞ்சுக் கவிஞர் ஆந்த்ரே பிரெத்தோன் 1924இல் தம் இயக்கத்துக்கு அந்தப் பெயரை இட்டபோது, மறைந்த அப்போலினேருக்கு மரியாதையாக அதை எடுத்துக்கொண்டதாக எழுதினார். அதற்கு அவர் கொடுத்த பொருள் வேறு என்றாலும், சொல்லின் உரிமையை மறைக்கவில்லை.

போரும் குடியுரிமையும்

1914இல் போர் மூண்டதும் அப்போலினேர் படையில் சேர விண்ணப்பித்தார். வெளிநாட்டவர் என்பதால் அவர் சேர்ந்தே ஆகவேண்டும் என்ற கட்டாயம் இல்லை. முதல் விண்ணப்பம் நிறைவேறவும் இல்லை. டிசம்பரில் நீம் நகரின் பீரங்கிப் படைப்பிரிவில் சேர்த்துக்கொள்ளப்பட்டார். 1915 ஏப்ரலில் போர்முனைக்குச் சென்றவர், அந்த ஆண்டு நவம்பரில் காலாட்படைக்கு மாறினார். அது பதுங்குகுழி வாழ்க்கை, ஆபத்து மிகுதி. முனையில் இருந்தபடியே ஒரு சிறு கவிதைத் தொகுப்பைக் கட்டம் போட்ட தாளில் படியெடுத்து 25 படிகள் மட்டும் வெளியிட்டார் என்பதை இங்கே சொல்லாமல் போக மனமில்லை.

1916 மார்ச் 9 அன்று அவருக்குப் பிரெஞ்சுக் குடியுரிமை கிடைத்தது. எட்டு நாள் கழித்து, மார்ச் 17 அன்று, பெரி-ஓ-பாக் அருகே பதுங்குகுழியில் இதழ் ஒன்றைப் படித்துக்கொண்டிருந்தபோது குண்டுச் சிதறல் தலைக்கவசத்தைத் துளைத்து வலது நெற்றிப்பொட்டைத் தாக்கியது. மே மாதம் மண்டையோட்டைத் துளையிட்டு அறுவை செய்தனர். அதன்பின் அவர் போர்முனைக்குத் திரும்பவில்லை. பாரிஸில் அரசின் தணிக்கைப் பிரிவில், படையினர் என்ற நிலையிலேயே பணியாற்றினார். 1918 மே 2 அன்று ஜாக்லின் கோல்பை மணந்தார். ஆறு மாதத்தில் காய்ச்சல் அவரைக் கொண்டுபோயிற்று.

அப்போலினேர் போர்க் காயத்தால் இறந்தார் என்று பல இடங்களில் எழுதப்படுகிறது. அது சரியன்று. அறுவையும் அதன்பின் வந்த நுரையீரல் நோயும் உடலைத் தளர்த்தியிருந்தன என்பது உண்மை. இறப்புக்குக் காரணமோ கொள்ளைக் காய்ச்சல்.

‘பிரான்சுக்காக உயிர்நீத்தவர்’ என்றால் என்ன?

இது பேச்சு வழக்கில் தரும் புகழுரை அன்று, சட்டச் சொல். 1915 ஜூலை 2ஆம் தேதிச் சட்டம் இதை உருவாக்கியது. இறப்புப் பதிவேட்டில் ஒருவர் பெயருக்கு எதிரே இச்சொற்கள் எழுதப்பட வேண்டும். எழுதப்பட்டால்தான் பின்வரும் உரிமைகள் பிறக்கும். எதிரியால் கொல்லப்பட்ட படைவீரர், காயத்தால் பின்னர் இறந்தவர் ஆகியோரோடு, போர்க்காலப் பணியில் இருக்கையில் நோய்கண்டு இறந்தவரும் இதற்குள் அடங்குவர். இறக்கும்போது அப்போலினேர் படைப்பணியிலிருந்து விடுவிக்கப்பட்டிருக்கவில்லை. ஆகவே காய்ச்சலில் இறந்தும் இந்தப் பிரிவில் இடம்பெற்றார். போரில் உயிர்நீத்த 560 எழுத்தாளர்களின் பெயர்கள் 1927இல் பாரிஸின் பாந்தியோன் நினைவகத்தில் பொறிக்கப்பட்டன. அவற்றுள் அவர் பெயரும் உண்டு. 1911இல் ‘அந்நியர்’ என்று ஏசப்பட்டவருக்குக் கிடைத்த இந்த மதிப்பைக் குறைத்துப் பேச இடமில்லை. சிக்கல் தொடங்குவது இதே சொற்றொடர் பதிப்புரிமைச் சட்டத்துக்குள் நுழையும்போதுதான்.

94 ஆண்டு, 272 நாள்: கணக்கு வரும் வழி

பதிப்புரிமை என்பது ஒரு படைப்பை அச்சிடவும், மொழிபெயர்க்கவும், மேடையேற்றவும் அனுமதி தரும் அல்லது மறுக்கும் உரிமை. ஆசிரியர் இறந்தபின் குறிப்பிட்ட காலம் அது அவர் வாரிசுகளிடம் இருக்கும். அக்காலம் முடிந்ததும் படைப்பு பொதுவுரிமைக்கு வரும். எவரும் அனுமதியின்றி, பணம் செலுத்தாமல் அதைப் பயன்படுத்தலாம். தமிழ்நாட்டில் அரசு பரிவுத்தொகை கொடுத்து நூல்களை நாட்டுடைமையாக்குவது இதனின்று வேறானது. அங்கே அரசின் முடிவு வேண்டும், இங்கே காலம் கடந்தாலே போதும்.

அப்போலினேருக்குப் பிரெஞ்சுச் சட்டம் கூட்டிய காலங்கள் நான்கு:

1. அடிப்படைக் காலம் 50 ஆண்டு. இது 1866ஆம் ஆண்டுச் சட்டம் வகுத்தது.

2. முதல் உலகப் போருக்கான ஈடு 6 ஆண்டு 152 நாள். போர்க்காலத்தில் நூல்கள் விற்கவில்லை, நாடகங்கள் நடக்கவில்லை, ஆகவே இழந்த காலத்தைத் திருப்பித் தரவேண்டும் என்ற எண்ணத்தில் 1919 பிப்ரவரி 3ஆம் தேதிச் சட்டம் இதை வழங்கியது. 1914 ஆகஸ்ட் 2 முதல் 1920 இறுதிவரையான காலம் இது. ஆசிரியர் அந்தக் காலத்தில் உயிரோடிருந்தாரா என்பதைச் சட்டம் கேட்கவில்லை. 1918இல் வந்த ‘கலிகிராம்’ நூலுக்கும் 1914க்கு முன்னர் வந்த ‘அல்கோல்’ நூலுக்கும் ஒரே ஈடுதான்.

3. இரண்டாம் உலகப் போருக்கான ஈடு 8 ஆண்டு 120 நாள். 1939 செப்டம்பர் 3 முதல் 1948 ஜனவரி 1 வரை; 1951 செப்டம்பர் 21ஆம் தேதிச் சட்டத்தால் வந்தது.

4. ‘பிரான்சுக்காக உயிர்நீத்தவர்’ என்று இறப்புப் பதிவில் உள்ளவர்களுக்கு மேலும் 30 ஆண்டு.

கூட்டினால் 94 ஆண்டு 272 நாள். அவர் இறந்த 1918ஆம் ஆண்டின் முடிவிலிருந்து இதை எண்ணினால் 2013 செப்டம்பர் இறுதிக்கு வந்து சேர்கிறோம். பதிப்புரிமை பொதுவாக ஆண்டின் கடைசி நாளில் முடியும்; இவருடையது ஆண்டின் நடுவே முடிந்த விந்தை இந்த 272 நாட்களால் நேர்ந்தது. ஐரோப்பிய ஒன்றியத்தின் நெறிப்படி 1997இல் பிரான்ஸ் அடிப்படைக் காலத்தை 70 ஆண்டாக உயர்த்தியபோதும் இக்கணக்கு மாறவில்லை. ஏற்கெனவே அதைவிட நீண்ட காலம் ஓடிக்கொண்டிருந்த படைப்புகளுக்கு அது குறைக்கப்படவில்லை என்பதே காரணம்.

இந்த நீட்டிப்பு யாருக்குப் பயன்பட்டது?

முப்பது ஆண்டுச் சலுகையின் நோக்கம் நல்லது. குடும்பத்தைத் தாங்கியவர் நாட்டுக்காக இளவயதில் இறந்துவிட்டார். அவர் இன்னும் முப்பது ஆண்டு வாழ்ந்திருந்தால் வருவாய் அவ்வளவு காலம் நீண்டிருக்கும். அந்த இழப்பைச் சட்டம் ஈடு செய்கிறது. அப்போலினேரின் நிலையில் இதைப் பொருத்திப் பார்த்தால் நோக்கமும் விளைவும் பிரிந்து நிற்பது தெரியும். அவருக்குப் பிள்ளைகள் இல்லை. மனைவி ஜாக்லின் 1967இல் இறந்தார். அடிப்படையான 50 ஆண்டே 1968 இறுதியில்தான் முடிகிறது. அப்படியானால், சட்டம் கூடுதலாகத் தந்த 44 ஆண்டுக்கு மேற்பட்ட காலத்தில் ஒரு நாள்கூட அந்தக் கைம்பெண்ணைச் சென்றடையவில்லை. கணவரின் காய்ச்சலோடு தொடங்கிய ஈடு, மனைவியின் மறைவுக்குப் பின்னர்தான் நடைமுறைக்கே வந்தது.

கவிதைகள் மறைந்து கிடந்தன என்று இதற்குப் பொருள் கொள்ளக் கூடாது. அவை தொடர்ந்து அச்சிலிருந்தன. பள்ளிப் பாடங்களில் இடம்பெற்றன. பூலாங்க் அவற்றுக்கு இசையமைத்தார், லியோ ஃபெரே 1953இல் ‘மிராபோ பாலம்’ கவிதையைப் பாடலாக்கினார். ஆனால் ஒவ்வொன்றுக்கும் உரிமையாளரின் இசைவு வேண்டியிருந்தது. சிறு பதிப்பகம் ஒன்று படங்களோடு கூடிய மலிவுப் பதிப்புப் போட எண்ணினால் அதற்கும் வேண்டியிருந்தது. நாட்டுக்காக இறந்தவரின் எழுத்து, இயல்பாக இறந்தவர்களின் எழுத்தைக் காட்டிலும் நெடுங்காலம் நாட்டு மக்களின் பொதுச் சொத்தாகாமல் இருந்தது என்பதை ஏற்க எனக்குக் கடினமாகவே இருக்கிறது. முப்பது ஆண்டுகளை மனைவி, பிள்ளைகளின் ஆயுளோடு பிணைத்திருக்கலாம்.

எல்லைக்கு வெளியே வேறு கணக்கு

பிரெஞ்சுப் போர்ச் சலுகைகளைப் பிற நாடுகள் பின்பற்றக் கடமைப்பட்டவை அல்ல. இறப்புக்குப் பின் 70 ஆண்டு என்ற விதியுள்ள நாடுகளில் அப்போலினேர் 1988 இறுதியோடு விடுபட்டார். இந்தியாவில் அப்போதைய விதி 50 ஆண்டு என்பதால் 1969 முதலே எவரும் மொழிபெயர்க்கலாம்; 1992இல் இந்தியா அதை 60 ஆண்டாக உயர்த்தியது முன்பே விடுபட்டவற்றைத் திரும்பக் கட்டவில்லை. அதே 1969இல் சோவியத் இசையமைப்பாளர் ஷோஸ்தகோவிச் தம் 14ஆம் சிம்பொனியில் அப்போலினேரின் ஆறு கவிதைகளை ரஷ்ய மொழிபெயர்ப்பில் சேர்த்தார். அவற்றுள் லா சான்தே சிறைக் கவிதையும் ஒன்று. சோவியத் ஒன்றியம் உலகளாவிய பதிப்புரிமை உடன்படிக்கையில் இணைந்தது 1973இல்தான்.

‘குட்டி இளவரசன்’ எழுதிய செந்த்-எக்சுபெரி இன்று வாசகரைக் குழப்பும் காரணமும் இதுவே. 1944 ஜூலை 31 அன்று விமானத்தோடு மறைந்த அவரும் ‘பிரான்சுக்காக உயிர்நீத்தவர்’. 70 ஆண்டு விதியுள்ள நாடுகளில் 2015 முதல் அவர் பொதுவுரிமையில் இருக்கிறார். பிரான்சில் 2030களின் தொடக்கம்வரை இல்லை.

தமிழில் பெயர்ப்போர் கவனிக்க வேண்டியவை

1. வாழ்நாளில் அச்சான ‘அல்கோல்’, ‘கலிகிராம்’ போன்றவற்றுக்கே மேற்கண்ட கணக்கு நேராகப் பொருந்தும். லூ என்ற காதலிக்குப் போர்முனையிலிருந்து எழுதியவை உட்பட, இறப்புக்குப் பின் வெளிவந்தவற்றுக்குத் தனி விதிகள் உண்டு. நூல்வாரியாகப் பார்க்க வேண்டும்.

2. ஆங்கிலம் வழியாக மொழிபெயர்த்தால், அந்த ஆங்கில மொழிபெயர்ப்பாளரின் பதிப்புரிமை தனியே நிற்கும். மூலம் விடுபட்டது என்பது இடையிலுள்ள மொழிபெயர்ப்பை விடுவிக்காது. தமிழில் அடிக்கடி மறக்கப்படுவது இதுதான்.

3. பிரெஞ்சுச் சட்டத்தில் ‘தார்மிக உரிமை’ என்பதற்குக் காலவரம்பு இல்லை. ஆசிரியர் பெயரை நீக்குவதோ படைப்பைச் சிதைப்பதோ அங்கே என்றைக்கும் தவறு.

சட்டம் முடியும் இடத்தில் மொழியின் சிக்கல் தொடங்குகிறது. நிறுத்தக்குறி இல்லாமை பிரெஞ்சு வாசகருக்கு ஓர் இழப்பாகப் பட்டதால்தான் அதிர்ச்சி எழுந்தது. ஓலைச்சுவடியில் குறிகளே இன்றி நூற்றாண்டுகள் வாழ்ந்த தமிழ்ச் செய்யுளுக்கு அந்த அதிர்ச்சி அப்படியே வராது. அடிகளுக்கிடையே நிற்கும் தொடரின் இரட்டைப் பொருளை வேற்றுமை உருபுகளைக் கவனமாகக் கையாண்டே காப்பாற்ற வேண்டும். ‘மழை பெய்கிறது’ இன்னும் கடினம். பிரெஞ்சு எழுத்துகள் ஒவ்வொன்றும் ஒரு துளி அளவாக இறங்குகின்றன. தமிழில் துளி என்பது உயிர்மெய். ‘கொ’, ‘தோ’ போன்றவற்றில் கொம்பும் காலும் இருபுறமும் ஒட்டி நிற்பதால், அவற்றைப் பிரித்து ஒன்றன்கீழ் ஒன்றாக வைக்க முடியாது, சேர்த்து வைத்தால் கோடு அந்த இடத்தில் தடித்துவிடும். ஒற்றைக்கொம்பும் இரட்டைக்கொம்பும் இல்லாத சொற்களையே தேர்ந்தெடுத்தால்தான் தமிழ் மழை மெலிந்த கோடாக விழும்.